நான் மனப்பாடமாக அறிந்த நீதிமன்றம்

"கல்லையும் தூணையும் படிச்சு ஆருக்குப் பிள்ளை பிரயோசனம்?"

பாரிசில் தமிழ்க் கடைகள் நிறைந்த லாச்சப்பலில், ரூ து ஃபொபூர் சேன்-தெனி தெருவின் மேல்முனையில் உள்ள ஒரு மரக்கறிக் கடையில் வைத்துத்தான் மாமி என்னிடம் இப்படிக் கேட்டார். காசு கட்டும் வரிசையில் நின்றோம். அவர் கையில் ஒரு கட்டு முருங்கைக்காய். கட்டடக்கலை வரலாறு படிக்கப் பல்கலைக்கழகத்தில் இடம் கிடைத்துவிட்டது என்று அப்போதுதான் பெருமையாகச் சொல்லி முடித்திருந்தேன்.

"வீடு கட்டப் படிக்கப் போறியோ?"

"இல்லை மாமி. கட்டின கட்டடங்களைப் பற்றி."

"அது கட்டினவனுக்குத் தெரியுந்தானே."

வரிசையில் எனக்கு முன்னால் நின்றவரும் பின்னால் நின்றவரும் சிரித்தார்கள். கல்லாவில் இருந்த அண்ணையும் சிரித்தார். எனக்குக் காது சூடாகிவிட்டது. அன்றிலிருந்து, என்றைக்காவது இந்த மாமியை ஒரு நல்ல கட்டடத்தின் முன்னால் நிறுத்தி, "இப்ப சொல்லுங்கோ பார்ப்பம்" என்று கேட்க வேண்டும் என்று மனதில் வைத்திருந்தேன். 2023ஆம் ஆண்டு பங்குனி மாதத்தில் ஒரு செவ்வாய்க்கிழமை அந்த வாய்ப்பு வந்தது. அது ஏன்தான் வந்தது என்று இன்றைக்கும் நினைக்கிறேன்.

முதலில் என்னைப் பற்றிச் சொல்ல வேண்டும். 2009ஆம் ஆண்டு முடியும்போது, பத்து வயதில் அம்மாவோடு பாரிசுக்கு வந்தேன். அப்பா முன்னமே இங்கே உணவகத்தில் வேலை. அப்பா ஐந்தாம் வகுப்போடு தோட்டத்துக்கு இறங்கியவர். அம்மாவும், அப்பாவின் தங்கையான இந்த மாமியும் அதைவிட ஒரு வகுப்போ இரண்டு வகுப்போ கூட. எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்தை முடித்த முதல் ஆள் நான்தான். அதை நான் மறைத்ததே இல்லை. கொஞ்சம் அதிகமாகவே சொல்லிக்கொள்வேன்.

பிரெஞ்சு எனக்கு ஆறு மாதத்தில் பிடிபட்டது. பிடிபட்ட அன்றே என் நிம்மதி போனது. எங்கள் கட்டடத்தில் இருந்த தமிழ்க் குடும்பங்களுக்கெல்லாம் வந்த கடிதங்கள் எங்கள் சமையலறை மேசைக்கு வந்து சேர்ந்தன. வாடகைக் கடிதம், மின்சாரக் கடிதம், பிள்ளையின் பள்ளிக்கூடக் கடிதம், வதிவிட அட்டைக் கடிதம். உறையைக்கூடத் திறக்காமல் கொண்டு வருவார்கள், நான் திறந்தால்தான் உள்ளே நல்ல செய்தி இருக்கும் என்பதுபோல. "பிள்ளை, இந்தப் பப்பியேயை ஒருக்காப் பார்" என்பார்கள். நான் பார்ப்பேன். என் தோசை ஆறும். பரீட்சைக்கு முதல் நாளும் பார்த்தேன். காய்ச்சலில் படுத்திருந்த அன்றும் பார்த்தேன். பதினைந்து வயதுக்குள், ஒரு கடிதத்தின் மேல் மூலையைப் பார்த்தவுடனேயே மீதியை வாசிக்காமல் சொல்லிவிடும் அளவுக்குத் தேறிவிட்டேன். அதையும் ஒரு திறமை என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

இந்தக் கடிதங்களிலிருந்து ஓடிப்போகத்தான் கட்டடங்களிடம் போனேன் என்று நினைக்கிறேன். பள்ளிக்கூடத்திலிருந்து ஒருமுறை எங்களைச் சென் நதியின் நடுவே உள்ள தீவுக்கு, பழைய நீதிமன்றத்தைப் பார்க்கக் கூட்டிப்போனார்கள். தங்கம் பூசிய பெரிய இரும்புக் கேற். அதற்குப் பின்னால் முற்றம். முற்றத்தின் முடிவில் மலை ஏறுவதுபோல ஒரு படிக்கட்டு, மேலே நான்கு பெரும் தூண்கள். வாய் திறந்து பார்த்துக்கொண்டு நின்றேன். அந்த இடத்தில் முதலில் அரசர்கள் இருந்தார்கள். அவர்கள் எழும்பிப் போனதும் நீதிபதிகள் அமர்ந்துகொண்டார்கள். திரும்பத் திரும்ப நெருப்புப் பிடித்து எரிந்தது, திரும்பத் திரும்பக் கட்டினார்கள். முற்றத்துக்கு மே மாதத்தின் பெயர். முன்னொரு காலத்தில் நீதிமன்றக் குமாஸ்தாக்கள் ஒவ்வொரு மே மாதமும் அங்கே ஒரு மரத்தை நட்டுக் கொண்டாடுவார்களாம். அதே முற்றத்திலிருந்துதான் புரட்சிக் காலத்தில் மரண தண்டனை பெற்றவர்களை வண்டியில் ஏற்றிப் போனார்கள். ஒரே வாசலில் இத்தனையும் நடந்ததா என்று எனக்கு நம்ப முடியவில்லை. பின்னாளில் முதுகலைக்கு அந்த வாசலைப் பற்றியே ஆய்வுக் கட்டுரை எழுதினேன். எரிந்த பிறகு அந்த முகப்பை ஏன் அப்படிக் கட்டினார்கள் என்பதுதான் தலைப்பு. நூற்றிருபது பக்கம். எங்கள் வீட்டில் ஒருவரும் வாசிக்கவில்லை. அப்பா மட்டும் அதை ஒரு பொலித்தீன் பையில் சுற்றி அலுமாரியில், கடவுச்சீட்டுகளோடு வைத்திருக்கிறார்.

2023ஆம் ஆண்டு தை மாதத்தில் மாமிக்கு ஒரு இடி விழுந்தது. அவருடைய கணவர், என் மாமா, வேலைக்கு வெளிக்கிட்டுக்கொண்டு நின்றபடியே சுருண்டு விழுந்தார். ஸ்ட்ரோக். உயிர் தப்பியது. ஆனால் வலப்பக்கம் வராது, பேச்சும் வராது. அவர்கள் இருந்தது ஐந்தாம் மாடியில், லிப்ட் இல்லாத பழைய கட்டடத்தில். மாமாவை மறுவாழ்வு மருத்துவமனையில் வைத்திருந்தார்கள். வீட்டுக்கு அனுப்ப அவர்கள் தயார். அனுப்ப வீடுதான் இல்லை.

அப்போது பாரிசை ஒட்டிய சேன்-தெனி ஊரில் நிலமட்டத்தில் ஒரு வீடு தருவதாக வீட்டு அலுவலகம் கடிதம் அனுப்பியது. அதை எடுப்பதென்றால் பழைய வீட்டை விட வேண்டும். விடுவதற்குக் கணவன், மனைவி இருவரும் கையெழுத்து வைக்க வேண்டும். மாமாவால் முடியாது. அவருக்காக மாமி கையெழுத்து வைப்பதென்றால் நீதிபதி அனுமதி தர வேண்டும். பங்குனி மாத முடிவுக்குள் பதில் சொல்லாவிட்டால் வீடு வேறு ஆளுக்குப் போய்விடும். மனுப் போட்டு, மருத்துவர் அறிக்கை வைத்து, ஒருவழியாக நீதிமன்றத்திலிருந்து அழைப்புக் கடிதம் வந்தது. செவ்வாய்க்கிழமை, காலை பத்தரை மணி.

கடிதம் வந்த அன்றே மாமி அதைப் பிள்ளையார் படத்துக்கு முன்னால் வைத்துவிட்டார். வைத்தபிறகு எடுக்க மாட்டார். காரியம் நடக்கிற நாளில்தான் எடுக்க வேண்டுமாம். "அப்ப நான் எப்படி வாசிக்கிறது?" என்று போனில் கேட்டேன். அதை வைத்த இடத்திலேயே படம் எடுத்து எனக்கு அனுப்பினார். படத்தில் பிள்ளையார் தெளிவாக இருந்தார். குத்துவிளக்கு இருந்தது. ஒரு எலுமிச்சம்பழம் இருந்தது. பழத்துக்குப் பின்னால் கடிதத்தின் மேல்பாதி தெரிந்தது. பாரிஸ் நீதிமன்றம், மாமியின் பெயர், தேதி, நேரம். எனக்கு அதுவே போதும் என்று நினைத்தேன். பாரிஸ் நீதிமன்றம் எங்கே இருக்கிறது என்று எனக்கா தெரியாது?

செவ்வாய்க்கிழமை காலை எட்டரைக்கு மாமியின் வீட்டில் நின்றேன். அவர் கடிதத்தைப் படத்தடியிலிருந்து எடுத்து, குங்குமம் வைத்து, மடித்து, ஒரு பிளாஸ்ரிக் உறையில் போட்டு, அந்த உறையைக் கைப்பைக்குள் போட்டு, பையைச் சேலை முந்தானைக்குள் இடுக்கிக்கொண்டார். எலுமிச்சம்பழமும் உள்ளே போனது. அங்கிருந்து நேரே மருத்துவமனைக்குப் போகலாம் என்று மாமாவுக்குப் புட்டும் முருங்கைக்காய்க் கறியும் ஒரு சில்வர் அடுக்குக் கரியரில் கட்டி எடுத்தார். நீதிபதியைப் பார்க்கப் போகும்போது கறி எதற்கு என்று கேட்டேன். நீதிபதிக்கில்லை, மாமாவுக்கு என்றார். இப்படியான ஆளோடு என்ன செய்வது?

மெத்ரோவுக்குள் இறங்கும் படியில் மாமி நின்றார்.

"பிள்ளை, பதின்மூண்டாம் லைன்தானே?"

"இல்லை. நாலாம் லைன். நேரே போகலாம்."

"கடிதத்திலை கீழை போர்த் து கிளிஷி எண்டு கிடந்த மாதிரி இருந்தது. அது என்ரை வேலைக்குப் போற பதின்மூண்டாம் லைன் ஸ்டேசன். நான் எழுத்துக்கூட்டிப் பார்த்தனான்."

மாமிக்குப் பிரெஞ்சு வாசிக்கத் தெரியாது. மெத்ரோ நிலையங்களின் பெயர்கள் மட்டும் தெரியும். இருபது வருடமாக அந்தப் பெயர்களைப் பார்த்தே இந்த ஊரில் வேலைக்குப் போய் வருகிறவர்.

நான் என்ன சொன்னேன் தெரியுமா? "அது கடிதம் அனுப்பின கந்தோரின்ரை விலாசமாயிருக்கும் மாமி. கோர்ட் தீவிலைதான். நான் அதைப் பற்றி நூற்றிருபது பக்கம் எழுதினனான்" என்றேன்.

"சரி. படிச்ச பிள்ளை நீ" என்றார். குத்திச் சொன்னதில்லை. உண்மையாகவே சொன்னார். அதுதான் இப்போதும் வலிக்கிறது.

ஒன்பதரைக்குத் தீவில் ஏறி வெளியே வந்தோம். வெயில் அந்தத் தங்கக் கேற்றில் பட்டுக்கொண்டிருந்தது. ஒரு மணிநேரம் கையில் இருக்கிறது. என் வாய் சும்மா இருக்குமா? மூலையில் நிற்கும் கோபுரத்தைக் காட்டி, இந்த நகரத்திலேயே பொதுச் சனத்துக்கென்று வைத்த முதல் மணிக்கூடு இதுதான் என்றேன். மாமி அண்ணாந்து பார்த்துத் தன் கைக்கடிகாரத்தோடு நேரம் சரிபார்த்தார். பக்கத்தில் உல்லாசப் பயணிகளின் நீண்ட வரிசை. எதற்கென்று கேட்டார். உள்ளே அரசர் கட்டிய சப்பல், சின்னத் தேவாலயம், ஒன்று இருக்கிறது, நிறக் கண்ணாடிகளைப் பார்க்க வந்திருக்கிறார்கள் என்றேன்.

"லாச்சப்பலிலை இருந்து வெளிக்கிட்டு இஞ்சையும் ஒரு சப்பலோ" என்றார்.

பாதுகாப்புச் சோதனையில் கரியரைத் திறக்கச் சொன்னார்கள். முருங்கைக்காய்க் கறியின் வாசம் அந்த மண்டபம் முழுக்கப் போனது. பின்னால் நின்ற கறுப்பு அங்கி வழக்கறிஞர் ஒருவர் எட்டிப் பார்த்தார். எனக்கு நிலத்துக்குள் போய்விடலாம் போல இருந்தது. மாமி அமைதியாக ஒவ்வொரு அடுக்காகத் திறந்து காட்டி, ஒவ்வொரு அடுக்காக மூடினார்.

படியேறி மேலே போனோம். நெருப்புகளின் கதையைச் சொன்னேன். எத்தனை தடவை எரிந்தது, ஒவ்வொரு தடவையும் எப்படி முன்னிருந்ததைவிடப் பெரிதாகக் கட்டினார்கள் என்றெல்லாம். மாமி நடுப்படியில் நின்று மூச்சு வாங்கிக்கொண்டே கேட்டார். "இப்ப சொல்லுங்கோ மாமி" என்று நான் ஆரம்பிக்கும் முன்பே அவர் சொன்னார்.

"ஊரிலை எங்கடை வீடுந்தான் ரெண்டு தரம் எரிஞ்சது. ஒருத்தரும் படியிலை நிண்டு கதை சொல்லேல்லை."

இருந்தாலும் நான் விடவில்லை. உள்ளே பெரிய மண்டபத்துக்குக் கூட்டிப்போய், முற்காலத்தில் மேசன்கள் அந்த வளைவுகளை எப்படி எழுப்பினார்கள் என்று சொல்ல ஆரம்பித்தேன். "பிள்ளை, ஆரையும் ஒருக்காக் கேள். எங்கை கூப்பிடுவினமெண்டு" என்று மாமி மூன்றாவது தடவையாகச் சொன்ன பிறகுதான் விசாரணை மேசைக்குப் போனேன். அதுவும் எரிச்சலோடுதான் போனேன். அப்போது மணி பத்தைத் தாண்டி ஐந்து.

மாமி உறையிலிருந்து கடிதத்தை எடுத்தார். குங்குமப் பொட்டோடு மேசையில் விரித்தார். அங்கிருந்த பெண் ஒரே ஒரு பார்வைதான் பார்த்தார். கடிதத்தை எங்கள் பக்கம் திருப்பி, கீழ்ப்பாதியில் தடித்த எழுத்தில் இருந்த விலாசத்தின் மேல் விரலை வைத்தார்.

போர்த் து கிளிஷி.

"இது இங்கே இல்லை மத்மோசேல். இப்படியான வழக்குகள் எல்லாம் 2018இலேயே புதிய கட்டடத்துக்குப் போய்விட்டன. இங்கே இருப்பது மேல்முறையீடு" என்றார். மரியாதையாகத்தான் சொன்னார்.

எனக்கு அது தெரியும். தெரியாது என்று நான் சொன்னால் அது பொய். என் ஆய்வுக் கட்டுரையின் கடைசிப் பக்கத்தில், வழக்குகளில் பெரும்பகுதி நகரத்தின் வடக்கு ஓரத்துக்கு மாறியதைப் பற்றி நானே ஒரு பந்தி எழுதியிருக்கிறேன். "கல் மட்டும் அங்கேயே நிற்கிறது" என்று அழகாக வேறு முடித்திருந்தேன். எழுதியவளுக்குத் தெரிந்தது, மாமியைக் கூட்டிக்கொண்டு வந்தவளுக்குத் தெரியவில்லை. கட்டடத்தைப் பற்றி நினைத்தேனே தவிர, அங்கே யாருக்கு என்ன வேலை என்று ஒரு நிமிடம் நினைக்கவில்லை. கடிதத்தின் மேல் மூலையைப் பார்த்து மீதியைச் சொல்லும் என் திறமை, மாமியின் வீட்டைத் தின்னப் பார்த்தது.

மாமி என்னைப் பார்க்கவில்லை. கடிதத்தை மடித்து உறைக்குள் போட்டார். கரியரைத் தூக்கினார். "வா" என்றார். அவ்வளவுதான்.

அந்தப் பெரும் படிக்கட்டால் நாங்கள் இறங்கி ஓடினோம். மாமிக்கு முழங்கால் வருத்தம். ஒரு கையில் கரியர், ஒரு கையில் சேலை. நூற்றிருபது பக்கம் எழுதிய எனக்கு அந்தப் படிக்கட்டு எவ்வளவு நீளம் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது. ஷத்லே வரை நாலாம் லைன், அங்கிருந்து பதினான்காம் லைன்; அதுவும் போர்த் து கிளிஷிக்குப் போகும். ஷத்லேயின் முடிவில்லாத நிலத்தடி நடைபாதைகளை அறிந்தவர்களுக்கு நான் எதுவும் சொல்ல வேண்டியதில்லை. நடுவில் அப்பா போன் எடுத்தார்.

"முடிஞ்சுதோ பிள்ளை?"

"இல்லையப்பா. இன்னும் கூப்பிடேல்லை."

"நீ நிக்கிறாய்தானே. எனக்கு ஒரு பயமுமில்லை."

போனை வைத்ததும் எனக்கு அழுகை வந்தது. ரயிலுக்குள் மாமி என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் நானும் ஏதாவது திருப்பிச் சொல்லி ஆறியிருப்பேன். ஒவ்வொரு நிலையத்திலும் அவர் உதடு மெல்ல அசைந்தது. பிள்ளையாரைக் கும்பிடுகிறாராக்கும் என்று நினைத்தேன். பிறகுதான் தெரிந்தது, நிலையத்தின் பெயரை எழுத்துக்கூட்டிக்கொண்டிருந்தார். இனி என்னை நம்பி இறங்க அவர் தயாராக இல்லை.

புதிய நீதிமன்றம் வானம் வரை நிற்கும் கண்ணாடி. பெரிய பெட்டிகளை ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்கிய மாதிரி. இடையிடையே மாடிகளில் மரங்கள். அதன் அழகைப் பற்றி வேறொரு நாளில் நிறையச் சொல்வேன். அன்றைக்கு எனக்குத் தெரிந்தது அதன் வாசலில் நின்ற வரிசை மட்டும். மறுபடியும் சோதனை. மறுபடியும் கரியர். அடுக்கு அடுக்காக. கடைசியில் கைப்பைக்குள் இருந்து எலுமிச்சம்பழம் வந்தது. காவலர் அதைக் கையில் உருட்டி, "சாலட்டுக்கா?" என்று கேட்டார்.

"நோன். கடவுளுக்கு" என்றார் மாமி, தனக்குத் தெரிந்த பிரெஞ்சில். காவலர் இரண்டு கையாலும் திருப்பிக் கொடுத்தார்.

வழக்கு அறைக்கு முன்னால் போய்ச் சேரும்போது மணி பதினொன்று ஐந்து. கதவடியில் இருந்த எழுத்தர் பட்டியலைப் பார்த்து உதட்டைப் பிதுக்கினார். எங்களைப் பத்தரைக்குக் கூப்பிட்டார்களாம், நாங்கள் இல்லை. நீதிமன்றம் ஏற்பாடு செய்த தமிழ் மொழிபெயர்ப்பாளர் சிறிது நேரம் காத்திருந்துவிட்டு வேறு வழக்குக்குப் போய்விட்டார். புதிய தேதி தபாலில் வரும் என்றார். இரண்டு மாதமாகலாம், மூன்று மாதமாகலாம்.

நான் வாயைத் திறந்தேன். மருத்துவ அறிக்கை, வீட்டு அலுவலகம், மாத முடிவு என்று எல்லாவற்றையும் நல்ல பிரெஞ்சில், வேகமாக. அவர் கேட்டுக்கொண்டே வேறு கோப்பைத் திறந்தார். அப்போது மாமி என்னைத் தோளால் தள்ளிவிட்டு முன்னால் போனார்.

"மதாம். மன்னிப்பு. நான் பிந்திட்டன். புருசன் வருத்தம். நான் இஞ்சை இருக்கிறன். பின்னேரம் வரை இருக்கிறன்." உடைந்த பிரெஞ்சில் இவ்வளவையும் சொல்லிவிட்டு, சுவரோடு இருந்த வாங்கில் போய் உட்கார்ந்து, கரியரை மடியில் வைத்துக்கொண்டார். போகிற ஆளாக அவர் தெரியவில்லை. எழுத்தர் அவரையும் கரியரையும் சிறிது நேரம் பார்த்தார். பிறகு எழும்பி உள்ளே போனார். காலை வழக்குகள் முடிந்ததும் நீதிபதி பத்து நிமிடம் தருவார் என்று வந்து சொன்னார்.

ஒரு மணி வரை அந்த வாங்கில் இருந்தோம். அந்த நேரத்தில் நான் மன்னிப்புக் கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை.

நீதிபதி நடுவயதுப் பெண். மொழிபெயர்ப்பாளர் இல்லாததால், நான் மொழிபெயர்க்கலாமா என்று கேட்டார். அதற்கு முன் என்னை எழுந்து நின்று சத்தியம் செய்யச் சொன்னார். கேட்டதைக் கேட்டபடி, கூட்டாமல் குறைக்காமல் சொல்வேன் என்று. சிறுவயதிலிருந்து எத்தனையோ பேருக்காகப் பேசியிருக்கிறேன். யாரும் என்னிடம் அப்படி ஒரு உறுதி கேட்டதில்லை.

முதல் கேள்வியே அதுதான். ஏன் பிந்தினீர்கள்?

மாமி என் பக்கம் திரும்பாமலே சொன்னார். "பிழை என்னிலைதான் எண்டு சொல்லு. கடிதத்தைச் சாமிப் படத்தடியிலை வைச்சுப்போட்டு ஆருக்கும் காட்டேல்லை. அதாலை வழி மாறிப்போச்சு."

சத்தியம் செய்து ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. சொன்னதைச் சொன்னபடி சொல்ல வேண்டும். சொன்னேன். "தவறு தன்னுடையது என்கிறார்..." கடைசி வரை அப்படியே மொழிபெயர்த்தேன். பிறகு நிறுத்தி, "இது அவர் சொன்னது. இனிச் சொல்வது நான். அவர் சொன்னது உண்மையில்லை. இந்த நிலையத்தின் பெயரை அவர் காலையிலேயே எனக்குச் சொன்னார். நான்தான் கேட்காமல் தீவில் இருக்கும் பழைய கட்டடத்துக்குக் கூட்டிப்போனேன்" என்றேன்.

நீதிபதி பேனையை வைத்தார். "உங்களுக்கு அந்த மாற்றம் தெரியாதா?"

"தெரியும். அந்தக் கட்டடத்தைப் பற்றித்தான் படித்தேன்."

நீதிபதி பேனையை மறுபடி எடுத்தார். "அதன் வாசல் அழகானதுதான்" என்றார். "இனி நான் மதாமிடம் பேசுகிறேன்."

மாமி என் கையில் இடித்தார். "நான் சொன்னது ரெண்டு வசனம். நீ என்னடி இவ்வளவு நேரம் கதைக்கிறாய்?"

அடுத்து, நீங்கள் இங்கே கேட்டு வந்திருப்பது உங்கள் கணவருக்குத் தெரியுமா என்று கேட்டார் நீதிபதி. நான் தமிழில் கேட்கக்கூட இல்லை. பழக்கதோஷம். "ஆம், அவருக்கு விளங்குகிறது, மருத்துவர் அறிக்கையில்..." என்று தொடங்கிவிட்டேன். நீதிபதி கையை உயர்த்தினார்.

"நான் மதாமைக் கேட்டேன்."

முகத்தில் அறைந்த மாதிரி இருந்தது. மாமியிடம் கேட்டேன். அவர் யோசித்துச் சொன்னார்.

"சொன்னனான். கண்ணை ஒருக்கா மூடித் திறந்தவர். கலியாணம் கட்டின நாளிலை இருந்து அவர் ஓம் சொல்லுறது அப்பிடித்தான். வாயாலை சொன்னதில்லை."

இதை நல்ல வசனமாக்க என் நாக்கு துடித்தது. ஆக்கவில்லை. அப்படியே சொன்னேன். நீதிபதி எழுதிக்கொண்டார். ஐந்தாம் மாடிக்கு அவரைக் கொண்டுபோனால் என்ன என்று கேட்டார்.

"நாலு பேர் பிடிச்சால் மேலை கொண்டு போகலாம். ஏத்தினால் பிறகு அவர் கீழை இறங்குறது..." மாமி நிறுத்திவிட்டார். கரியரின் பிடியைத் தடவிக்கொண்டிருந்தார். மிச்சத்தைச் சொல்லவில்லை.

என் வாழ்க்கையில் நான் மொழிபெயர்த்த மிகக் கஷ்டமான வசனம் அதுதான். அந்த வசனம் எப்படி முடியும் என்று எனக்குத் தெரியும். அழகாக முடித்துக் கொடுத்திருப்பேன். முடிக்கவில்லை. அவர் நிறுத்திய இடத்தில் நானும் நிறுத்தினேன். நீதிபதி அந்தப் பாதி வசனத்தையும் எழுதிக்கொண்டார்.

முடிவு தபாலில் வரும் என்றார்கள். வெளியே வந்து கண்ணாடிக் கட்டடத்தின் முன்னால் நின்றபோதுதான், "மாமி, மன்னிச்சுக்கொள்ளுங்கோ" என்று என் வாயால் வந்தது. மாமி கரியரை மற்றக் கைக்கு மாற்றினார். பிறகு, "அப்ப அந்தப் பழைய கோர்ட்டிலை இப்ப என்னதான் நடக்குது?" என்றார்.

"மேல்முறையீடு. இஞ்சை தீர்ப்புச் சரியில்லையெண்டால் அங்கை போகலாம்."

"அப்ப இஞ்சை தோத்தால் போற இடம்?"

"ஓம்."

"நீ வழியைக் கொஞ்சம் முந்திக் காட்டிப்போட்டாய்" என்றார். சிரிக்காமல்தான் சொன்னார். எனக்குத்தான் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது.

மாதம் முடிய மூன்று நாள் இருக்கும்போது அனுமதிக் கடிதம் வந்தது. அதைப் பிள்ளையாரடியில் வைக்கும் முன் மாமி என்னைக் கூப்பிட்டு, முன்னும் பின்னும் முழுதாக வாசிக்கச் சொன்னார். மாமா இப்போது சேன்-தெனியில் நிலமட்ட வீட்டில் இருக்கிறார். சக்கர நாற்காலியில் யன்னலடியில் இருந்து, தெருவால் போகிறவர்களைப் பார்க்கிறார். நான் போனால் கண்ணை ஒருக்கா மூடித் திறப்பார்.

கடிதங்கள் இன்றும் வருகின்றன. எரிச்சலும் வருகிறது, இல்லையென்று சொல்ல மாட்டேன். ஆனால் இப்போது யார் கொண்டு வந்தாலும், உறையைப் பிரித்ததும் கடிதத்தை அவர்கள் பக்கம் திருப்பி, "இதிலை உங்களுக்கு என்ன விளங்குது, முதல் சொல்லுங்கோ" என்று கேட்கிறேன். எத்தனையோ பேருக்கு ஏதோ ஒன்று விளங்கித்தான் இருக்கிறது. இத்தனை வருடமாக நான்தான் கேட்கவில்லை.

சென்ற மாதம், நீதிமன்றத்தின் சத்தியம் செய்த தமிழ் மொழிபெயர்ப்பாளர் பட்டியலில் சேர விண்ணப்பம் கொடுத்தேன். ஏற்றுக்கொண்டால் சத்தியம் செய்ய வேண்டிய இடம் அந்தப் பழைய கட்டடந்தான், அந்தப் படிக்கட்டால்தான் ஏற வேண்டும். ஆனால் விண்ணப்பத்தைக் கொடுக்க வேண்டிய இடம் புதியது. மாமியும் கூட வந்தார். வெளிக்கிட முன்பு படிவத்தை அவரிடம் கொடுத்தேன். அவர் மூக்குக் கண்ணாடியைப் போட்டு, கீழ் வரியில் விரலை வைத்து, எழுத்துக்கூட்டி வாசித்து முடிக்கும் வரை வாயைத் திறக்காமல் நின்றேன். பிறகு இருவரும் பதின்மூன்றாம் லைனில் ஏறினோம்.